கனவுத் தச்சர்

மரத்தைச் செதுக்குவோன் தச்சன். பொன்னை உருக்கி அணி செய்வோன் தட்டான். மண்ணைப் பிசைந்து கலம் வனைவோன் குயவன். மனிதருடைய நினைவைச் செதுக்கியும் கனவை வனைந்தும் கொடுக்கும் தொழிலாளி ஒருவன் இருப்பானாயின் அவனை எப்பெயரால் அழைப்பது? ஆங்கிலக் கதை நூல்களை விரும்பிப் படிக்கும் எமது மாணவர் சிலர் அண்மையில் இக்கேள்வியை எம்மிடம் கொணர்ந்தனர். 'கனவுத் தச்சன்' என்றார் ஒருவர். பரீட்சைக்கு முதல்நாள் இரவு படித்தவை மறவாதிருக்கச் செய்வானாயின், எப்பெயரால் அழைத்தாலென்ன, அவனுக்கு எங்கள் ஊரில் வரும்படிக்குக் குறைவிராது என்றார் இன்னொருவர். அவர்கள் சிரித்துக்கொண்டு போய்விட்டார்கள். கேள்வி எம்மோடு தங்கிவிட்டது. சில நூல்களைப் புரட்டினோம். கண்டவற்றுட் சிலவற்றை இவ்வாரம் வாசகர் முன் வைக்கின்றோம்.

கதையுலகில் இத்தொழிலாளருக்குப் பஞ்சமில்லை. ஏறக்குறைய இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த உரோமக் கவிஞர் ஒவிட், நித்திராதேவனுடைய குகையை வருணிக்கின்றார். அத்தேவனின் மைந்தர் கனவுகளுக்கு உருவம் கொடுக்கும் வேலையைத் தம்முள் பங்கிட்டுக் கொண்டிருக்கின்றனர். மனிதரைப் போல நடந்தும் பேசியும் காட்டுதல் மோபியசின் வேலை. விலங்காகவும் பறவையாகவும் பாம்பாகவும் தோன்றுதல் இகெலோசின் வேலை. கல், நீர், மரம் முதலியன பாந்தசோசுக்கு உரியன. கடலில் மூழ்கி இறந்துபோன கணவன் மீண்டு வருவான் என்று காத்திருந்த அல்சியோனி என்னும் அரசியின் கட்டிலருகே, நீர் சொட்டும் தலைமயிரோடு அக்கணவனின் உருவில் நின்று மரணச் செய்தியை உரைத்தவன் மோபியசே. ஒரு கந்தோரில் எழுதுவினைஞர்கள் கோவைகளைப் பங்கிட்டுக்கொள்வது போன்ற அவ்வொழுங்கு எமக்கு நகைப்பை விளைத்தது.

பிற்காலத்தவரும் குறைந்தவரல்லர். றோல்ட் டால் எழுதி 1982 ஆம் ஆண்டில் வெளிவந்த சிறுவர் நாவலொன்றில் நல்ல இராட்சதன் ஒருவன் வருகின்றான். அவன் கனவுகளை வலைவீசிப் பிடித்துப் போத்தல்களில் அடைத்து வைத்து, இரவிலே ஊருக்குள் வந்து, உறங்கும் பிள்ளைகளின் அறைகளுக்குள் நீண்ட ஊதுகுழலால் ஊதிவிடுவான். ஜே. கே. றோலிங்கின் ஹரி பொட்டர் கதைகளிலோ இது சம்பளம் பெறும் உத்தியோகமாகவே ஆகிவிட்டது. மந்திர வித்தையைக் காணலாகாத சாதாரண மக்கள் தற்செயலாக அதனைக் கண்டுவிட்டால், மந்திர அமைச்சின் அலுவலர் வந்து அவர்தம் நினைவை அழித்துவிட்டுச் செல்வர்.

வடமொழியில் இதற்குப் பேர்போன சான்று சகுந்தலையின் கதை. துர்வாசர் சபிக்கின்றார், துஷ்யந்தன் மறக்கின்றான், மீன் விழுங்கிய மோதிரம் மீண்டதும் அவனுக்கு நினைவும் மீளுகின்றது. இஃது எல்லோரும் அறிந்தது. ஆனால் மகாபாரதத்து ஆதிபருவத்தைப் படித்தவர் ஒன்றைக் கவனித்திருப்பர். அங்கே சாபமும் இல்லை, மோதிரமும் இல்லை. மன்னன் மறக்கவேயில்லை, எல்லாம் நினைவிருந்தும், ஊரார் என்ன சொல்வரோ என்று அஞ்சி, சபை நடுவே அவளை அறியேன் என்று சாதிக்கின்றான். வானத்திலிருந்து எழுந்த குரலே உண்மையை வெளிப்படுத்துகின்றது. சாபத்தையும் மோதிரத்தின் மாயத்தையும் கதையிற் கொணர்ந்து மன்னன் மீதிருந்த மாசைத் துடைத்தவர் காளிதாசர். இன்று எம்மிற் பெரும்பாலாருடைய உள்ளத்தில் துஷ்யந்தன் மறந்தவனாகத்தான் இருக்கின்றான், பொய்யனாக அல்லன். துஷ்யந்தனின் நினைவைத் துர்வாசர் மாற்றினாரோ இல்லையோ, துஷ்யந்தனைப் பற்றிய எமது நினைவைக் காளிதாசர் மாற்றிவிட்டார். அதற்கு அவருக்கு வேண்டியிருந்தது ஓர் எழுத்தாணி மட்டுமே.

மந்திரம் வேண்டாத இத்தச்சு வேலையை முறையாக ஆராய்ந்தவர்களுள் முன்னோடியாக எண்ணத்தக்கவர் கேம்பிறிட்ஜ் பல்கலைக்கழகத்து உளவியலாளர் பிரெடெரிக் பார்ட்லெற். நினைவுகூரலைப் பற்றிய அவருடைய நூல் 1932 ஆம் ஆண்டில் வெளிவந்தது. வட அமெரிக்கப் பழங்குடியினரின் நாட்டுக்கதை ஒன்றை ஆங்கிலேயருக்குப் படிக்கக் கொடுத்து, சிறிது நேரம் கழித்தும் நாட்கள் பல கழித்தும் அதனை எழுதிக் காட்டுமாறு அவர் கேட்டார். கதை ஆவிகளின் போரைப் பற்றியது. அந்நியருக்கு விளங்காத திருப்பங்கள் நிறைந்தது. எழுதியவர்கள் வேண்டுமென்று பொய் சொல்லவில்லை. ஆயினும் அவர்கள் கையில் பழங்குடியினரின் வள்ளம் சாதாரணப் படகாயிற்று; கடல்நாய் வேட்டை மீன்பிடித்தலாயிற்று; இறப்பவனின் வாயிலிருந்து வெளிப்பட்ட கரியதொரு பொருள் ஒருவரிடத்தில் வாயில் தள்ளிய நுரையாயிற்று. விளங்காதவை உதிர்ந்தன, எஞ்சியவை தமக்குப் பழகிய உலகத்தின் உருவை எடுத்துக்கொண்டன. நினைவு என்பது பெட்டகத்தில் மடித்து வைத்த பட்டுச்சேலை போன்றதன்று, கேட்கும்போதெல்லாம் இருக்கும் நூலைக்கொண்டு திரும்பவும் நெய்யப்படுவது என்று பார்ட்லெற் கண்டார்.

இதனைப் படித்தபோது எமது வீட்டு வழக்கொன்று நினைவுக்கு வந்தது. நல்லூர்த் தேர்த் திருவிழாவிலே, பாட்டனாரின் தோளில் அமர்ந்து, கூட்டத்தின் தலைகளுக்கு மேலாகத் தேரைக் கண்ட காட்சி எமக்குத் தெளிவாக நினைவிருக்கின்றது. பாட்டனாரின் காதோரத்து நரையும் திருநீறு கரைந்த வியர்வையும்கூடத் தெரிகின்றன. எமது தமையனாருக்கும் அதே தோள், அதே தேர், அதே நரை. தோளிலிருந்தவன் தானே என்றும், தம்பி அன்று அம்மாவின் இடுப்பில் நித்திரை என்றும் அவர் இன்றுவரை சாதிக்கின்றார். இச்சம்பவத்தை எங்கள் இருவருக்கும் பல தடவை சொல்லிய ஆச்சி காலமாகிவிட்டார். பாட்டனார் ஒருமுறைதான் அவ்வாறு தூக்கிச் சென்றார் என்பது குடும்பத்தில் எல்லோருக்கும் தெரியும். ஆகவே எங்கள் இருவருள் ஒருவருடைய நினைவு ஆச்சியின் வாயிலிருந்து பிறந்தது. எவருடையது என்பதை இனி எவராலும் சொல்ல இயலாது.

இவ்வாறு பிறர் சொல்லால் நினைவு பிறத்தலை அளந்து காட்டியவர் அமெரிக்க உளவியலாளர் எலிசபெத் லொவ்ரஸ். 1974 ஆம் ஆண்டில் அவரும் யோன் பாமரும் சேர்ந்து நடத்திய சோதனை எளிமையானது. மோட்டார் வண்டிகள் விபத்துறும் படத்தை மாணவர்க்குக் காட்டினர். பின்னர், வண்டிகள் 'முட்டியபோது' வேகம் எவ்வளவு என்று சிலரிடமும், 'மோதி நொறுங்கியபோது' வேகம் எவ்வளவு என்று வேறு சிலரிடமும் கேட்டனர். முட்டியதாகக் கேட்கப்பட்டவர் சராசரி 34 மைல் என்றனர். நொறுங்கியதாகக் கேட்கப்பட்டவர் 40 மைலுக்கு மேல் என்றனர். இன்னொரு சோதனையில் ஒரு வாரம் கழித்து, உடைந்த கண்ணாடியைக் கண்டீர்களா என்று கேட்டனர். படத்தில் கண்ணாடி உடையவேயில்லை. முட்டியதாகக் கேட்கப்பட்ட 50 பேரில் 7 பேர் கண்டோம் என்றனர். நொறுங்கியதாகக் கேட்கப்பட்ட 50 பேரில் 16 பேர் கண்டோம் என்றனர். கேள்வியில் மாறியது ஒரு வினைச்சொல் மாத்திரமே.

1995 ஆம் ஆண்டில் அவர் இன்னும் ஒரு படி சென்றார். சிறுவயதில் பெரியதொரு கடைத்தொகுதியில் வழிதவறி அழுததாக, நடவாத சம்பவம் ஒன்றை, உண்மையில் நடந்த மூன்றோடு கலந்து 24 பேருக்குக் கொடுத்தனர். குடும்பத்தார் சொன்னது என்றே அவர்களுக்கு அறிவிக்கப்பட்டது. ஏறக்குறைய நான்கிலொரு பங்கினர் அதனை முழுமையாகவோ பகுதியாகவோ நினைவுகூர்ந்தனர். ஆச்சியின் கதை எமது வீட்டில் செய்த வேலையும் இவ்வகையினதே போலும்.

இப்பொழுது விஞ்ஞானிகள் மூளைக்குள்ளேயே கைவைக்கத் தொடங்கிவிட்டனர். 2013 ஆம் ஆண்டில் அமெரிக்காவின் மசாசூசெற்ஸ் தொழில்நுட்ப நிறுவகத்தில், சுசுமு தொனெகாவாவின் ஆய்வுகூடத்தினர் எலியின் மூளையிலுள்ள சில கலங்களை ஒளியால் தூண்டி, ஒருபோதும் துன்பம் நேராத கூடொன்றைக் கண்டு அவ்வெலி அஞ்சி உறையுமாறு செய்தனர். கதைகளில் வரும் கனவுத் தச்சனுக்கு இதைவிட நெருங்கிய உறவினன் இல்லை. ஆயினும் எமக்கு அச்சந் தருவது எலியின் தலையிற் பாய்ச்சிய ஒளியன்று. சாதாரணமாக ஒருவர் தலையசைத்து 'நல்லது' என்பது போதும், பெரிய தீங்கு விளைய.

வட கரோலினா மாநிலத்தின் பேர்லிங்ரன் நகரில் 1984 ஆம் ஆண்டு ஓரிரவு, கல்லூரி மாணவி ஒருத்தியின் வீட்டுள் புகுந்த கயவன் ஒருவன் அவளுக்குப் பெருங்கொடுமை இழைத்தான். அவள் துணிவுடையவள். உயிர் தப்பினால் இவனை அடையாளங் காட்டவேண்டும் என்று எண்ணி, அந்நிலையிலும் அவன் முகத்தை உற்று நோக்கி மனத்திற் பதித்துக்கொண்டாள். பொலிசார் ஆறு புகைப்படங்களை அவள்முன் வைத்தனர். நெடுநேரம் பார்த்து ஒன்றைத் தெரிந்தெடுத்தாள். அது றொனால்ட் கொட்டன் என்னும் இளைஞரின் படம். பின்னர் ஆடவர் சிலரை நேரில் வரிசையாக நிறுத்தினர். அவ்வரிசையில் நின்றவர்களுள், முன்பு படத்திலும் இடம்பெற்றிருந்தவர் கொட்டன் ஒருவரே. சிறிது தயங்கி அவள் அவரையே சுட்டினாள். படத்தில் தெரிந்தெடுத்ததும் இவரையே என்று அவளுக்குச் சொல்லப்பட்டது. தயக்கம் அந்தக் கணத்தோடு மறைந்தது. அன்றுமுதல் அவளுடைய நினைவிலும் கனவிலும் அக்கயவனுக்குக் கொட்டனின் முகமே வாய்த்தது.

1985 ஆம் ஆண்டில் கொட்டன் சிறை சென்றார். 1987 ஆம் ஆண்டில் வழக்கு மீண்டும் விசாரிக்கப்பட்டபோது, உண்மைக் குற்றவாளியையே நீதிமன்றில் அவள்முன் நிறுத்தினர். அவனைத் தன் வாழ்நாளிற் கண்டதேயில்லை என்றாள் அவள். அவள் பொய் சொல்லவில்லை என்பதுதான் இவ்வழக்கின் கொடுமை. 1995 ஆம் ஆண்டில் மரபணுச் சோதனை உண்மையைக் காட்டியது. குற்றவாளியும் ஒப்புக்கொண்டான். பத்தாண்டுக்கு மேல் சிறையிலிருந்த கொட்டன் வெளியே வந்தார். பின்னர் அவ்விருவரும் சந்தித்து நண்பராயினர். இருவரும் சேர்ந்து எழுதிய நூல் 2009 ஆம் ஆண்டில் வெளிவந்தது. அமெரிக்காவில் மரபணுச் சோதனையால் விடுதலை பெற்றோருடைய வழக்குகளிற் பெரும்பகுதியில், கண்டவர் ஆளை மாறி அடையாளங் காட்டியமை ஒரு காரணமாக இருந்திருக்கின்றது.

இங்கே எமக்குப் பாகவதத்திலே வரும் சித்திரலேகையின் நினைவு எழுகின்றது. வாணாசுரனின் மகள் உஷை, முன்பின் கண்டறியாத ஆடவன் ஒருவனைக் கனவிற் கண்டு கலங்குகின்றாள். அமைச்சரின் மகளும் உஷையின் தோழியுமான சித்திரலேகை தூரிகையைக் கையில் எடுக்கின்றாள். தேவர், கந்தருவர், சித்தர், நாகர், இயக்கர், மனிதர் என்று வரிசையாக உருவங்களை எழுதிக் காட்டுகின்றாள். மனிதருள் விருஷ்ணி குலத்தாரை எழுதிவரும்போது, பிரத்தியும்நனைக் கண்டு உஷை நாணுகின்றாள். அநிருத்தனின் உருவம் தோன்றியதும் தலைகுனிந்து, இவனே என்கின்றாள். அதன்பின்னரே அவன் கண்ணனின் பேரன் என்று சித்திரலேகை அறிந்துகொண்டு, யோகசக்தியால் துவாரகைக்குச் சென்று, உறங்கிக் கிடந்தவனை அப்படியே கொணர்கின்றாள். (உறங்குகின்றவனின் சம்மதத்தை அவள் கேட்டாளில்லை, அதனை இங்கே விசாரிக்காது விடுகின்றோம்.)

இக்கதையைப் பல தடவை படித்தும், வகுப்பிற் சொல்லியும், தோழியின் ஓவியத் திறமையையே நாம் வியந்திருக்கின்றோம். அதனினும் வியக்கத்தக்கது வேறொன்று. கனவில் வந்தவன் யாவன் என்பது படம் காட்டுகின்றவளுக்குத் தெரியாது. ஆகையால் எந்தப் படத்திலும் அவளுடைய கை தயங்கவில்லை. முகமும் குரலும் எதனையும் காட்டிக்கொடுக்கவில்லை. வரிசையில் அவன் இருந்தே தீரவேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. எத்தனையோ உருவங்கள் வீணே வந்து போயின. காத்திருந்தாள், உஷைதான் சொன்னாள்.

கொட்டனுக்கு அநீதி இழைத்த அதே வட கரோலினா மாநிலம், 2007 ஆம் ஆண்டில் அடையாளங் காட்டும் முறைபற்றிச் சட்டம் ஒன்றை இயற்றியது. அது 2008 ஆம் ஆண்டில் நடைமுறைக்கு வந்தது. சந்தேக நபர் யாவர் என்று அறியாத ஒருவரே சாட்சிக்குப் படங்களைக் காட்டவேண்டும். படங்களை ஒருங்கே பரப்பாது ஒவ்வொன்றாகக் காட்டவேண்டும். குற்றவாளி இவற்றுள் இல்லாமலும் இருக்கலாம் என்று முன்கூட்டியே சொல்லவேண்டும். தெரிவைத் தூண்டக்கூடிய எதனையும் சாட்சியிடம் சொல்லலாகாது. சட்டத்தை வரைந்தவர் பாகவதம் படித்திருப்பர் என்று நாம் சொல்லவரவில்லை.

வீட்டிலும் பள்ளிக்கூடத்திலும் சித்திரலேகையைப் போல் காத்திருப்போர் அரியர். பிள்ளை அழுதுகொண்டு வருகின்றது. 'பக்கத்து வீட்டுப் பெடியன்தானே அடித்தவன்?' என்று தாய் கேட்கின்றாள். பிள்ளை தலையாட்டுகின்றது. 'தடியாலா அடித்தான்?' மீண்டும் தலையாட்டல். தகப்பன் வந்து கேட்கும்போது தடி நிலைபெற்றுவிடுகின்றது. மாமன் வந்து கேட்கும்போது பிள்ளை தடியின் நீளத்தையும் காட்டுகின்றது. மாலைக்குள் இரண்டு குடும்பங்களுக்கு இடையே வேலி அடைக்கப்பட்டுவிடும். சிறு பிள்ளைகளிடம் ஆம், இல்லை என்று விடைவரும் கேள்விகளைத் திரும்பத் திரும்பக் கேட்டால், கேட்பவர் விரும்பும் விடைக்கு அவர்கள் இணங்குவதையும், பின்னர் அதனையே நம்புவதையும் ஆய்வாளர் பலர் கண்டிருக்கின்றனர். 'என்ன நடந்தது, சொல்லு' என்று கேட்டுவிட்டு, இடையில் வாய்திறவாதிருத்தல் மிகுந்த பயன் தரும். ஆசிரியத் தொழிலில் இருபது ஆண்டைக் கழித்த எமக்கு, இதனைக் காட்டிலும் கடினமான பயிற்சி வேறொன்று தெரியவில்லை. வகுப்பில் மைக்கூடு கவிழ்ந்தால், யார் கவிழ்த்தான் என்பது பற்றி ஆசிரியருக்கு எப்பொழுதும் ஓர் எண்ணம் முன்கூட்டியே இருக்கும். அவ்வெண்ணம் கண்ணில் தெரியும். நாற்பது பிள்ளைகளும் அதனைப் படித்துவிடுவர்.

இதுவரை நினைவைப் பற்றியே பேசினோம். கனவை வனையும் தொழில் இருக்கின்றதா என்று கேட்ட மாணவருக்கும் விடை கூறவேண்டும். இருக்கின்றது, அதுவும் மருத்துவத்தில். பெருந்துன்பத்தைக் கண்டவர்க்கு அத்துன்பமே இரவுதோறும் கனவாக வருவதுண்டு. நீண்ட போரையும் 2004 ஆம் ஆண்டுக் கடற்கோளையும் கடந்து வந்த எம் நாட்டில் இதனை விரித்துரைக்க வேண்டியதில்லை. நள்ளிரவில் அலறி எழும் தந்தையையோ தாயையோ அறிந்த பிள்ளைகள் எமது வகுப்புகளிலும் இருந்திருக்கின்றனர். இத்தகைய கொடுங்கனவுக்கு ஒரு சிகிச்சை உண்டு. பரி கிறக்கோவும் அவருடன் பணியாற்றியோரும் செய்த ஆய்வொன்று அமெரிக்க மருத்துவச் சங்கத்தின் சஞ்சிகையில் 2001 ஆம் ஆண்டில் வெளிவந்தது. கொடுமைக்கு ஆளாகிக் கொடுங்கனவால் வருந்திய பெண்களுக்கு இம்முறை கனவுகளைக் குறைத்ததையும், நித்திரையைத் திருத்தியதையும் அது காட்டியது.

முறையில் மருந்தும் இல்லை, மாயமும் இல்லை. நோயாளி பகலில் விழித்திருக்கும்போது தமது கனவை எழுதவேண்டும். பின்னர் அதனைத் தாம் விரும்பியவாறு மாற்றி எழுதவேண்டும்: துரத்துகின்றவன் வழிதவறிப் போகலாம், கதவு திறக்கலாம், கடல் பின்வாங்கலாம். அப்புதிய கனவை ஒவ்வொரு நாளும் சில நிமிடம் மனக்கண்ணில் ஓட்டிப் பார்த்தல் வேண்டும். நாட்செல்ல, பழைய கனவின் வருகை குறையக் காண்கின்றனர். எவ்வாறு மாற்றுவது என்று மருத்துவர் சொல்லிக்கொடுப்பதில்லை. நோயாளி தமக்கு விருப்பமானதை எழுதிவருமளவும் அவர் காத்திருக்கின்றார். பயிற்சி பெற்ற மருத்துவரின் துணையோடு செய்யவேண்டிய காரியம் இது. தொடக்கத்திலேயே மிகக் கொடிய கனவை எடுத்துக்கொள்ள வேண்டாம், சிறிய கனவொன்றை எடுத்துக்கொள்க என்பதே நோயாளிக்குச் சொல்லப்படும் அறிவுரை.